தெரபி: உளச்சிகிச்சை

சென்னையில் எடுக்கப்படும் குறும்படங்களில் உளவியலாளரின் அறையை இப்போது அடிக்கடி பார்க்கிறோம். எதிரெதிரே இரண்டு நாற்காலிகள். ஒருவர் பேசத் தயங்குகிறார், மற்றவர் பொறுமையாகக் காத்திருக்கிறார். இதற்குப் பெயர் சைக்கோதெரபி, சுருக்கமாகத் தெரபி.

கிரேக்க வேர்கள் இரண்டைச் சேர்த்து 19ஆம் நூற்றாண்டில் உருவாக்கிய சொல் இது. 'ப்சுகே' என்றால் மூச்சு, உயிர். பிறகு மனத்தையும் குறித்தது. 'தெரப்பேயா' என்றால் பணிவிடை, பராமரிப்பு. குணப்படுத்துதல் என்ற பொருள் அதிலிருந்து கிளைத்தது. ஆக, உயிரைப் பேணுதல் என்பதே இதன் வேர்ப்பொருள். எவ்வளவு கனிவான சொல்! அதன் முன்பாதியான 'சைக்கோ'வை நம் ஊரில் வசவாக்கிவிட்டோம். 1794இல் தொடங்கிய மனநல மருத்துவமனை இன்று கீழ்ப்பாக்கத்தில் இருப்பதால் அந்த ஊர்ப்பெயரும் கேலிச்சொல்லாகிவிட்டது. இந்தக் கேலிக்கு அஞ்சியே, சிகிச்சைக்குப் போவதைப் பலர் வீட்டில்கூடச் சொல்வதில்லை. இது வருத்தமான விஷயம்.

சரி, தமிழில் எப்படிச் சொல்வது? 'மனநல மருத்துவம்' என்று எழுதினால் அது சைக்கியாட்ரி ஆகிவிடும். மனநல மருத்துவர் எம்பிபிஎஸ் முடித்து மேற்படிப்பும் படித்தவர், மாத்திரை எழுதித் தரலாம். உளவியலாளர் மாத்திரை தருவதில்லை. பேச்சின் வழியாகவே சிகிச்சை தருகிறார். 'ஆலோசனை'யும் பொருந்தாது. அந்த அறையில் அறிவுரை குறைவு, கேட்பதுதான் அதிகம். 'கவுன்சலிங்' என்றாலோ இங்கே பலருக்குப் பொறியியல் சேர்க்கைக் கலந்தாய்வுதான் முதலில் நினைவுக்கு வரும்.

'உளச்சிகிச்சை' சரியாக அமைகிறது. சிகிச்சை வடசொல்தான். ஆனால் அதைத் தவிர்த்து 'உளமருத்துவம்' என்றால் மறுபடி சைக்கியாட்ரியோடு குழம்பும். செஷனுக்கு 'அமர்வு' நல்ல சொல். செஷனின் லத்தீன் வேரும் உட்காருதல்தான்.

அப்புறம், தெரபியோடு சேர்ந்து வரும் இன்னொரு சொல், வல்னரபிலிட்டி: காயப்படக்கூடும் என்று தெரிந்தும் உள்ளத்தைக் காட்டுவது. லத்தீனில் 'வுல்நுஸ்' என்றால் காயம். 'பாதிக்கப்படக்கூடிய தன்மை' என்று எழுதினால் அரசாணை வாசிப்பதுபோல் இருக்கிறது. அழுகையை அடக்கிக்கொண்டே இருந்தவர் "எனக்குப் பயமா இருக்கு" என்று முதல்முறையாகச் சொல்கிறாரே, அந்த நொடிக்கு 'மனம் திறத்தல்' போதும். பேச்சில் 'மனசு விட்டுப் பேசுறது' ஏற்கெனவே நம்மிடம் இருக்கிறது.

வசனத்தில் பாத்திரம் "தெரபிக்குப் போறேன்" என்றே சொல்லட்டும், அதுதான் இயல்பு. படக்குறிப்பும் விமர்சனமும் எழுதுவோர் 'உளச்சிகிச்சை' என்றே எழுதலாம்.