ஈர மரமும் காய்ந்த முளையும்

"இரும்பு ஆணியே இல்லாமல் ஒரு மரக்கட்டடம் எத்தனை நாள் தாங்கும்?" என்று வாசகர் ஒருவர் கேட்டிருக்கிறார். இங்கிலாந்தில் குளோஸ்டர் நகரத்து நார்த்கேட் தெருவில் 'நியூ இன்' என்றொரு சத்திரம் இருக்கிறது. 1450 வாக்கில் கட்டியது, இன்னும் நிற்கிறது. 1327இல் இறந்த இரண்டாம் எட்வர்ட் மன்னரை அடக்கம் செய்தது அந்த ஊர் மடத்தில். அந்தக் கல்லறையைத் தேடி வந்த யாத்ரீகர்கள் தங்குவதற்காக, ஜான் ட்வைனிங் என்ற மடத்துத் துறவி எழுப்பியது இது. நடுவில் முற்றம், சுற்றிலும் மாடியில் திறந்த தாழ்வாரம், அதிலிருந்து அறைகளுக்கு வாசல்.

இந்த வகைக் கட்டடத்தில் பாரம் தாங்குவது ஓக் மரச் சட்டகம்தான். சட்டங்களுக்கு நடுவே குச்சிகளைப் பின்னி, களிமண்ணும் சாணமும் வைக்கோலும் குழைத்து அப்பிவிடுவார்கள். நம் ஊர் மண்சுவர் தெரிந்தவர்களுக்கு அதை விளக்க வேண்டியதில்லை.

என்னை மயக்குவது மூட்டுதான். தூணில் ஒரு பள்ளம் வெட்டுவார்கள். உத்தரத்தின் முனையை நாக்கு மாதிரி செதுக்கி அதில் நுழைப்பார்கள். இரண்டையும் துளைத்து மர முளை அடித்தால் வேலை முடிந்தது என்று தோன்றும். ஆனால் அந்தத் தச்சர்கள் இரண்டு துளைகளையும் வேண்டுமென்றே நேராகப் போடவில்லை. நாக்கில் உள்ள துளை, உத்தரத்தின் பக்கமாகச் சில மில்லிமீட்டர் தள்ளியிருக்கும். முனை கூராக்கிய முளையை அடிக்கும்போது அது லேசாக வளைந்துகொண்டு உள்ளே போகும். போகிற போக்கில் நாக்கைப் பள்ளத்துக்குள் இன்னும் இழுத்துவிடும்.

ஏன் இந்தப் பாடு? ஓக் காய்ந்தால் இரும்பு மாதிரி ஆகிவிடும், உளி இறங்காது. அதனால் வெட்டிய ஈரத்தோடேயே இழைத்து மாட்டிவிடுவார்கள். அப்புறம் கட்டடமாக நின்றபடியே பல வருஷம் காயும். காயும்போது மரம் நீளவாக்கில் ஏறக்குறைய சுருங்காது. குறுக்குவாக்கில் நூற்றுக்கு நான்கு முதல் பத்து பங்கு வரை சுருங்கும். தூண் மெலிந்தால் மூட்டில் இடைவெளி விழ வேண்டும் இல்லையா? அங்கேதான் வளைந்த முளை வில்லாக வேலை செய்கிறது: இடைவெளி விழ விழ இழுத்துக்கொண்டே இருக்கிறது. முளை மட்டும் முன்கூட்டியே காய்ந்த மரம், அதுவும் ரம்பத்தால் அறுக்காமல் நார் போகும் போக்கிலேயே பிளந்தது. அதனால் வளைந்தாலும் எளிதில் ஒடியாது. சுற்றியுள்ள ஈர மரம் சுருங்கச் சுருங்க அதை இறுக்கிப் பிடித்துக்கொள்ளும். இப்படிப்பட்ட கட்டடங்களில் தளம் சாய்ந்து, உத்தரம் முறுக்கிக்கொண்டு நின்றாலும், மூட்டு விடாததற்கு இது முக்கியமான காரணம்.

இதையெல்லாம் 'அந்தக் காலத்து ரகசியம்' என்று கும்பிட்டுவிட்டு நகர்வது எனக்குப் பிடிக்காது. அளந்து பார்க்கக்கூடிய அறிவு இது. நம் தச்சர்களின் மூட்டுகளையும் இப்படி அளந்து பதிவுசெய்யப் பல்கலைக்கழகங்கள் பணம் ஒதுக்க வேண்டும். கைவேலை தெரிந்த பெரியவர்கள் இருக்கும்போதே செய்ய வேண்டும்.

சரி, இரும்பு ஆணியையே அடித்திருந்தால்? ஓக்கில் டானின் என்னும் துவர்ப்புப் பொருள் நிறைய உண்டு. ஈரத்தில் அது இரும்பை அரிக்கும், மரத்திலும் நீலம் கலந்த கறுப்புக் கறை படியும். கலம்காரித் துணியில் கடுக்காய்ச் சாறும் இரும்புக் கரைசலும் சேர்ந்து தரும் கறுப்பும் இதே வேதிவினைதான்.