“வெறும் கேம்தானே” என்று பிள்ளையிடம் சொல்லாதீர்கள்

மறுபடியும் ஒரு பையன். பத்து வயது. இரவில் தனியாகப் பாத்ரூம் போக மாட்டேன் என்கிறான், கண்ணாடியைத் துணி போட்டு மூடச் சொல்கிறான். நண்பன் அனுப்பிய பேய் கேம் ஒன்றில் திடீரென்று திரை கறுத்து, “உன்னைப் பார்த்துக்கொண்டிருக்கிறேன்” என்று வந்ததாம். கூடவே, அப்போது போனில் என்ன மணியோ அதே மணியும். அப்பாவுக்குப் பொறுமை போய்விட்டது: “வெறும் கேம்தான்னு எத்தனை தடவை சொல்றது டாக்டர்?”

குழந்தைகள் மனநலப் பிரிவில் இந்த வசனத்தைக் கேட்டுக் கேட்டு அலுத்துவிட்டது. அது கேம் என்று அவனுக்கும் தெரியும். அவன் பயப்படுவது அதன் பின்னால் இருக்கும் கதைக்கு. இணையத்தில் பரவும் இந்தப் பேய்க்கதைகளுக்குக் கிரீப்பிபாஸ்டா என்று பெயர். நிஜமாகவே நடந்ததுபோல எழுதப்படுபவை. யார் எழுதியது என்பது பெரும்பாலும் தெரியாது. கைமாறிக் கைமாறி வரும். அவற்றை வைத்து ரசிகர்கள் செய்யும் கேம்களிலும் அதே வித்தைதான். போனின் கடிகாரத்தைப் படித்துக் காட்டுவது, தானாக மூடிக்கொள்வதுபோல நடிப்பது எல்லாம் அதற்காகத்தான். பேய் பொய் என்று தெரிந்த பிள்ளைக்கும் “இதற்கு என்னைத் தெரிந்திருக்கிறதே” என்பது நிஜமாகப் படுகிறது. அதட்டினால் பயம் போகாது. உங்களிடம் சொல்வதுதான் நின்றுபோகும்.

வேறு என்ன செய்வது? அந்தப் பேயைச் செய்தது யார் என்று சொல்லுங்கள். ஸ்லெண்டர் மேன் 2009 ஜூனில் எரிக் நுட்சன் என்பவர் ஓர் இணையப் படப் போட்டிக்காகப் பழைய புகைப்படங்களில் ஒட்டிச் செய்த, கைகால் நீண்ட, முகமில்லாத பேய் உருவம். 2012-இல் மார்க் ஹாட்லி அதை வைத்து ஒரு கேம் செய்தார். அதைப் பார்த்து ஏகப்பட்ட நகல்கள் வந்தன. வாட்ஸ்அப்பில் பரவிப் பிள்ளைகளைப் பயமுறுத்திய ‘மோமோ’, ஜப்பானியக் கலைஞர் கெய்சுகே ஐசோ செய்து 2016-இல் டோக்கியோவில் காட்சிக்கு வைத்த பொம்மை. ரப்பர் மக்கிப்போனதும் அவரே தூக்கிப் போட்டுவிட்டார்.

அந்தப் பையனிடம் என் படத்தையே எடிட்டிங் ஆப்பில் கைகால்களை இழுத்து நீட்டிக் காட்டினேன். கொஞ்ச நேரத்தில் போனை வாங்கி அப்பாவின் படத்தை நீட்ட ஆரம்பித்துவிட்டான்.

2014-இல் அமெரிக்காவில் 12 வயதுச் சிறுமிகள் இருவர் ஸ்லெண்டர் மேனை நிஜமென்று நம்பி அதற்காகத் தோழியைக் கத்தியால் குத்திய சம்பவத்தைச் சொல்லி மற்ற பெற்றோரைக் கலவரப்படுத்தாதீர்கள். தோழி பிழைத்துவிட்டாள். அந்த இருவருக்கும் மனநோய் இருந்ததை நீதிமன்றமே ஏற்றுக்கொண்டது. பேய் கேம் ஆடுகிற பிள்ளையெல்லாம் அப்படி ஆகிவிடாது.

ஆனால் இன்ஸ்டால் செய்யும்போது கண்ணை மூடிக்கொள்ளாதீர்கள். ப்ளே ஸ்டோரில் இருக்கும் வயது வரம்பு, கேம் செய்தவரே நிரப்பும் கேள்வித்தாளை வைத்து வருவது. ப்ளே ஸ்டோர் வழியாக வராமல் நண்பர்கள் நேராக அனுப்பும் ஏபிகே என்ற ஆப் கோப்புக்கு அதுகூடக் கிடையாது. 2019-இல் ‘கிரானி’ என்ற பேய் கேமின் சாயலில் வந்த ஒரு நகல், கூகுள் கணக்கின் பாஸ்வேர்டைத் திருடியது தெரிந்து ப்ளே ஸ்டோரிலிருந்து நீக்கப்பட்டது. அதற்குள் 50,000 பேருக்கு மேல் இறக்கிவிட்டார்கள். பேய் கேமுக்கு உங்கள் தொடர்பு எண்கள் எதற்கு? கேட்டால் கொடுக்காதீர்கள். தூங்கப்போகும் முன் ஹெட்போனும் பேய் கேமும் வேண்டவே வேண்டாம்.

ஏற்கெனவே பயந்திருக்கும் பிள்ளையை, பயம் தெளியட்டும் என்று மறுபடி ஆட வைக்காதீர்கள், தயவுசெய்து. சில நாள் பக்கத்தில் படுத்துக்கொள்ளுங்கள், விளக்கு எரியட்டும். இரண்டு மூன்று வாரமாகியும் தூக்கம் சரியாகவில்லை, பள்ளிக்கூடம் போக மறுக்கிறது என்றால் அழைத்து வாருங்கள்.