மறைக்கும் மையும் மறக்காத தாளும்

மாயாஜாலக் கதைகளில் வரும் மந்திர மைக்கு ஒரு வழக்கமான குணம் உண்டு. உரியவர் கையில் சேரும்வரை ஓலை வெறுமையாகவே கிடக்கும்; அவர் மந்திரத்தை முணுமுணுத்ததும் எழுத்துகள் தாமாக எழும்பி வரும். மந்திரம் இருக்கும் இடத்தில் சூட்டையோ இன்னொரு கரைசலையோ வைத்துவிட்டால், இந்தக் கற்பனையில் பெரும்பகுதி வேதியியலில் உள்ளதுதான். அப்படிப்பட்ட ஒரு மை எவ்வளவு நம்பகமானது என்பது, அதைத் திறக்கும் சாவி எத்தனை பேரிடம் இருக்கிறது என்பதைப் பொறுத்தது.

அந்த வகையில் எலுமிச்சைச் சாறு மிகவும் மட்டமான மை. சாற்றிலுள்ள சர்க்கரை முதலான கரிமப் பொருள்கள், தாள் கருகுவதற்கு முன்பே பழுப்பேறிவிடுகின்றன; அமிலம் பட்ட இடத்தில் தாளின் இழைகளும் நலிந்து, மற்ற இடங்களைவிட விரைவில் நிறம் மாறுகின்றன. இஸ்திரிப் பெட்டி வைத்திருக்கும் எவரும் அதைப் படித்துவிடலாம். முதல் உலகப் போரின்போது ஜெர்மனிக்காக உளவு பார்த்த கார்ல் முல்லர் என்பவர் 1915இல் லண்டன் கோபுரத்தில் சுட்டுக் கொல்லப்பட்டார். அவருக்கு எதிரான சான்றுப் பொருள்களில் ஓர் எலுமிச்சம்பழமும் இருந்தது.

கோபால்ட் குளோரைடு இதைவிட ஒரு படி மேல். பாரிஸைச் சேர்ந்த வேதியியலாளர் ஜான் எல்லோ 1737இல் இதன் இயல்பை விவரித்தார். நீர்த்த கரைசலில் ஒவ்வொரு கோபால்ட் அயனியையும் ஆறு நீர் மூலக்கூறுகள் சூழ்ந்திருப்பதால் அதன் நிறம் வெளிறிய இளஞ்சிவப்பு. தாளில் காய்ந்தபின் அது கண்ணுக்கு ஏறக்குறையத் தெரிவதில்லை. சூடுபட்டால் நீர் விலகி, குளோரைடு அயனிகள் கோபால்ட்டை நெருங்கிப் பிணைகின்றன, எழுத்து நீலமாகிறது. ஆறியதும் காற்றின் ஈரத்தை உறிஞ்சிக்கொண்டு மீண்டும் மறைந்துவிடுகிறது. இதைக் கொண்டு அக்காலத்தில் விளையாட்டு ஓவியங்கள் தீட்டினார்கள். இலையுதிர்ந்த குளிர்கால மரங்களைச் சாதாரண மையால் வரைந்து, இலைகளை மட்டும் இந்த மையால் தீட்டிக் கணப்பருகே பிடித்தால், கிளைகளில் கோடை துளிர்க்கும். மின்னணுப் பொருள்களின் பெட்டிகளில் வரும் சிலிக்கா ஜெல் பொட்டலங்களில் நீலமாக இருந்து இளஞ்சிவப்பாக மாறும் மணிகளும் இதே வினையால்தான் நிறம் மாறுகின்றன. கோபால்ட் குளோரைடு நச்சுத்தன்மை கொண்டது என்பதால், இப்போது பலர் ஆரஞ்சு நிற மணிகளுக்கு மாறிவிட்டார்கள்.

சூட்டால் திறக்கும் எந்த மையும் எல்லோருக்கும் திறக்கும். ஆகவே, கெட்டிக்காரர்கள் ஒரு மையையே இரண்டு பாதியாகப் பிரித்தார்கள். பொதுவாகப் புழங்கிய எழுதுமை, பல நூற்றாண்டுகள் வரை, தாவரத் துவர்ப்பையும் இரும்பு உப்பையும் கலந்து செய்யப்பட்டதுதான். ஐரோப்பாவில் ஓக் மரக் கழலைகளிலிருந்து கிடைத்த துவர்ப்பு, நம் நாட்டில் கடுக்காயிலிருந்து கிடைத்தது. இரும்பு உப்பு, சித்த மருத்துவம் அன்னபேதி என்று அழைக்கும் ஃபெரஸ் சல்பேட். துவர்ப்புக் கரைசலால் மட்டும் எழுதி, இரும்புக் கரைசலைப் பெறுபவரிடம் கொடுத்து வைத்தால், அவர் கடிதத்தின் மேல் அதைத் தடவும்போதுதான் மை பிறக்கிறது. பைசாந்தியத்தைச் சேர்ந்த ஃபைலோ கி.மு. மூன்றாம் நூற்றாண்டிலேயே இத்தகைய முறையை எழுதி வைத்திருக்கிறார். அமெரிக்க விடுதலைப் போரில் ஜார்ஜ் வாஷிங்டனின் நியூயார்க் ஒற்றர்களுக்கு மருத்துவர் ஜேம்ஸ் ஜே தந்த மையும் இவ்வகையைச் சேர்ந்தது என்றே கருதப்படுகிறது. வெற்றுத் தாளை அனுப்பினால் சந்தேகம் வரும், சாதாரணக் குடும்பக் கடிதத்தின் நடுவே எழுதுங்கள் என்று வாஷிங்டன் அறிவுறுத்தியது, அந்த மையைவிடப் புத்திசாலித்தனமானது என்பேன்.

நானும் செய்து பார்த்தேன். நாட்டு மருந்துக் கடையில் வாங்கிய கடுக்காய்த் தோலை இடித்து, ஒரு சிட்டிகைப் பொடியை அரைத் தம்ளர் வெந்நீரில் ஊறவைத்து, துணியில் இருமுறை வடிகட்டி, ஈர்க்குச்சியால் பழுப்பு நிறத் தாளில் எழுதினேன். காய்ந்தபின் சாய்த்துப் பிடித்தால் மட்டும் மெல்லிய மஞ்சள் கறை தெரிந்தது. அன்னபேதிக் கரைசலில் நனைத்த பஞ்சால் ஒற்றியதும் சாம்பல் நிறத்தில் முதலில் ஒரு சுழி, பிறகு 'ழ'வின் கால். சிறிது நேரத்தில் அது நீலம் கலந்த கருமையாக இறுகியது. நிறம் மெதுவாக ஏறுவதற்குக் காரணம், ஃபெரஸ் நிலையிலுள்ள இரும்பு காற்றின் ஆக்சிஜனைப் பெற்று ஃபெரிக் நிலைக்கு மாறிய பிறகே துவர்ப்புடன் சேர்ந்து கரையாத கரும்பொருளாகிறது என்பதே. பஞ்சால் தேய்த்தால் எழுத்து கலங்கிவிடும். ஒற்ற மட்டுமே வேண்டும்.

இத்தனை நுட்பத்தையும் அயோடின் ஆவி தோற்கடித்தது. எந்தத் திரவத்தால் எழுதினாலும், ஈரம் பட்ட இடத்தில் தாளின் மேற்பூச்சும் இழைகளும் சற்றே குலைந்துவிடுகின்றன. கடிதத்தை அயோடின் ஆவியில் காட்டினால் அது குலைந்த இழைகளில் கூடுதலாகப் படிந்து, எழுத்தைப் பழுப்பாகக் காட்டிவிடும். வெறும் தண்ணீரால் எழுதியதும் தெரியும். மையின் சேர்க்கை என்னவென்று தணிக்கையாளர் அறிந்திருக்க வேண்டிய தேவையே இல்லை. இதற்கு ஒற்றர்கள் கண்ட மாற்று எளிமையானது: எழுதி முடித்தபின் தாள் முழுவதையும் நீராவியில் காட்டி, இழைகளை எங்கும் ஒரே அளவில் குலைத்து, கனமான புத்தகங்களுக்கு அடியில் வைத்து உலர்த்தினார்கள். அதன்பின் அயோடின் தாள் முழுவதும் ஒரே சீராகப் படிந்தது.