நாஸ்டால்ஜியா: சொல்லும் பொருளும்

காதல், இழப்பு, நினைவு என்று ஒரு நாவலைப் பற்றிப் பேச ஆரம்பித்தால் போதும், நாஸ்டால்ஜியாவும், அதாவது பழையதை நினைத்து ஏங்குவதும், கூடவே வந்துவிடும். இன்று இனிப்பாக ஒலிக்கிற இந்தச் சொல் பிறந்தது ஒரு நோயின் பெயராக.

1688ல் சுவிட்சர்லாந்தின் பாசல் நகரில் யோகான்னஸ் ஹோஃபர் என்ற மருத்துவ மாணவர் தம் ஆய்வேட்டுக்காக இந்தச் சொல்லை உருவாக்கினார். கிரேக்கத்தில் நோஸ்டோஸ் என்றால் வீடு திரும்புதல். அல்கோஸ் என்றால் வலி. ஊரைப் பிரிந்தவர்களுக்கு வரும் நோய் இது; தூக்கமின்மை, பசியின்மை, காய்ச்சல் எல்லாம் அறிகுறிகள். பெர்னிலிருந்து பாசலுக்குப் படிக்க வந்து சாகக் கிடந்த மாணவர் ஒருவர், ஊருக்குக் கிளம்பியதுமே தேறத் தொடங்கினாராம். மருந்து அவ்வளவுதான்: ஊர்.

அப்புறம் சொல் மருத்துவத்தை விட்டு வெளியே வந்தது. ஏக்கம் இடத்திலிருந்து காலத்துக்கு நகர்ந்தது. ஊருக்கு வண்டி உண்டு, இளமைக்கு ஏது?

இந்த இரண்டாவது பொருளுக்கு நம்மிடம் பழைய சாட்சி இருக்கிறது. புறநானூறு 243ல் தொடித்தலை விழுத்தண்டினார், தண்டூன்றி நடுங்கும் முதுமையில், இருமலுக்கு நடுவே சில சொற்களே வரும் நிலையில், பழைய நாளை நினைக்கிறார். நீரின் மேல் தாழ்ந்த மருதக் கிளையில் ஏறி, கரையில் நின்றவர்கள் மிரள, 'துடுமெனப் பாய்ந்து' மடுவின் அடிமணலை அள்ளி வந்த இளமை எங்கே என்கிறார். 'இனிநினைந்து இரக்கம் ஆகின்று' என்பது பாட்டின் தொடக்கம். அங்கே இரக்கம் என்றால் வருத்தம்.

தமிழில் என்ன சொல்லலாம்? பத்திரிகைகளின் 'மலரும் நினைவுகள்' நாஸ்டால்ஜியா ஆகாது. அதில் வலியே இல்லை. ஈழ எழுத்தாளர் எஸ்.பொ. தம் யாழ்ப்பாண இளமை நினைவுகளின் நூலுக்கு 'நனவிடை தோய்தல்' என்று பெயர் வைத்தார். ஈழத் தமிழர் பலர் நாஸ்டால்ஜியாவுக்கு அதையே புழங்குகிறார்கள். அழகான தொடர்தான். ஆனால் தோய்தலில் சுகம் தூக்கல். வலியும் வேண்டுமென்றால் 'நினைவேக்கம்' பொருந்தும்; ஹோஃபர் சொன்ன நோய்க்கு 'ஊர் ஏக்கம்'.

'நாஸ்டால்ஜிக்கான நாவல்' என்பதைத் தமிழாக்குவதுதான் சிக்கல். 'நினைவேக்க நாவல்' என்றால் பாடப்புத்தக வாடை அடிக்கிறது. 'பழைய நாளுக்கு ஏங்கும் நாவல்' என்று வினையாக்கிவிட்டால் சரியாக வரும்.