காலடிச் சத்தத்துக்காக காதை அடகு வைக்காதீங்க: கேம் சவுண்டை எதுல எப்படி குறைக்கறது

ஸ்கூல் லீவு விட்டதும் எங்க கிளினிக்குக்கு ஒரு தனி கூட்டம் வரும். நான் கடலூர் மஞ்சக்குப்பத்துல ஆடியாலஜிஸ்ட், அதாவது காது கேக்கற டெஸ்ட் எடுக்கறவ, டாக்டர் இல்ல (டாக்டரம்மான்னு கூப்பிட்டா திருத்தி திருத்தி அலுத்துப் போச்சு). பண்ருட்டி, நெல்லிக்குப்பம், அந்தப் பக்கம் பாகூர், கிருமாம்பாக்கம் வரைக்கும் இருந்து அம்மாங்க புள்ளைங்களை இழுத்துட்டு வருவாங்க. எல்லார்கிட்டயும் ஒரே கம்ப்ளைன்ட்தான், "கூப்பிட்டா திரும்ப மாட்றான் மேடம், ஹான் ஹான்னு கேக்கறான், டிவிய அலற விடறான்". பாதி பேருக்கு காதுல ஒண்ணுமே இருக்காது, கேம் நடுவுல இருக்கறவன் யார் கூப்பிட்டாலும் திரும்ப மாட்டான், அதுக்கு என்கிட்ட மருந்து கிடையாது. சில பேருக்கு வெறும் அழுக்கு. மிச்சம் இருக்கற கொஞ்ச பேருக்காகத்தான் இதை எழுதறேன்.

அவங்க ரிப்போர்ட்ல ஒரு கோடு நேரா வந்துட்டு இருக்கும், 4000 ஹெர்ட்ஸ் (சத்தம் எவ்வளவு கீச்சுன்னு சொல்ற அளவு) கிட்ட வந்ததும் கீழ இறங்கி மறுபடி 8000ல மேல ஏறும். சத்தத்தால காது அடிபட்டா பெரும்பாலும் 3000லேர்ந்து 6000க்குள்ள இப்படித்தான் ஒரு பள்ளம் விழும். பேச்சோட கனமான பாகமெல்லாம் கீழ் ஃப்ரீக்வன்சில இருக்கறதால அவனுக்கு ரூம்ல உக்காந்து பேசினா நல்லாவே கேக்கும், ஆனா ஸ, ச, ஃப மாதிரி மெல்லிசான சத்தமெல்லாம் மேல இருக்கு, அதனால க்ளாஸ்ல ஃபேன் சத்தத்துக்கு நடுவுல டீச்சர் சொல்றது மட்டும் மங்கலா போகும். உள்காதுல இருக்கற காக்ளியாங்கற பாகத்துல சத்தத்தை நரம்புக்கு மாத்தித் தர்ற ஹேர் செல்ஸ் ஒவ்வொரு காதுலயும் சுமாரா 15,000தான் இருக்கு, செத்தா மனுஷனுக்கு திரும்ப முளைக்காது. இதைச் சொன்னதும் உடனே "போனை புடுங்கிடறேன் மேடம்"பாங்க. புடுங்கறதுல எனக்கு நம்பிக்கை இல்ல, அவன் ஃப்ரெண்டு வீட்டுக்குப் போயி அவன் ஹெட்செட்ல விளையாடுவான், அங்க என்ன வால்யூம்னு உங்களுக்குத் தெரியவே தெரியாது.

வால்யூமை ஏன் ஏத்தறாங்கன்னு முதல்ல புரிஞ்சுக்கணும். அம்மா அப்பா எல்லாரும் துப்பாக்கிச் சத்தத்தையும் வெடிச் சத்தத்தையும் ரசிக்கறதுக்காக ஏத்தறான்னு நெனைக்கறாங்க, அப்படி இல்ல. பிஜிஎம்ஐ (போன்ல ஆடற துப்பாக்கிச் சண்டை கேம்) விளையாடற ஒரு பையனை கேட்டுப் பாருங்க, காலடிச் சத்தத்துக்காகன்னுதான் சொல்லுவான். பக்கத்து ரூம்ல எதிரி நடந்து வர்றது, புல்லுல ஊர்றது, அது எந்தப் பக்கம்னு தெரியணும், அது ரொம்ப மெல்லிசா இருக்கும், அதுக்கு ஏத்தி வச்ச அதே வால்யூம்லதான் அடுத்த செகண்டு ஏ.கே.எம் துப்பாக்கி காதுக்குள்ள வெடிக்குது. ஆக கேம்ல இருக்கறதுலயே சின்ன சத்தம்தான் வால்யூமை முடிவு பண்ணுது, அடி வாங்கறது பெரிய சத்தத்துல. 2024 ஜனவரில பிஎம்ஜே பப்ளிக் ஹெல்த் பத்திரிகைல 14 ஆய்வுகளை சேத்து ஒரு அலசல் வந்துச்சு, 9 நாட்டுல 50,000 பேருக்கு மேல. மொபைல்ல சராசரி 43 டெசிபல்தான், ஆனா கேமிங் சென்டர்கள்ல 80லேர்ந்து 89 வரைக்கும் இருந்துச்சு, விளையாட்டு நடுவுல திடீர்னு வர்ற வெடிச் சத்தம் 119 வரைக்கும் போயிருக்கு. சராசரியை மட்டும் பாத்தா ஒண்ணும் இல்லாத மாதிரிதான் தெரியும், அந்த திடீர் சத்தம்தான் வில்லன்.

கணக்கையும் சொல்லிடறேன். உலக சுகாதார நிறுவனம் பெரியவங்களுக்கு வாரத்துக்கு 40 மணி நேரம் 80 டெசிபல், குழந்தைங்களுக்கு அதே 40 மணி நேரம் 75 டெசிபல்னு வச்சிருக்கு. ஒவ்வொரு 3 டெசிபல் ஏறும்போதும் நேரம் பாதியா குறையும். டெசிபல் நம்ம சந்தைக் கணக்கு மாதிரி கூட்டல் கிடையாது, 3 ஏறினா சக்தி ரெட்டிப்பு. பெரியவங்களுக்கே 90ல வாரத்துக்கு 4 மணி நேரம்தான், 100ல 20 நிமிஷம், ஒரு மேட்ச்சுக்குக் கூட பத்தாது. ஒரு பையன் தெனமும் 3 மணி நேரம்னா வாரத்துக்கு 21 மணி நேரம், அவனுக்கு தாங்கற அளவு கிட்டத்தட்ட 78 டெசிபல், அதுக்குள்ளயே ரீல்ஸ், பாட்டு எல்லாம் அடங்கணும். சிப்காட்ல வேலை பாக்கற அப்பாவுக்கு 8 மணி நேர ஷிஃப்டுக்கு 90 டெசிபல்தான் உச்சவரம்புன்னு ஃபேக்டரி விதி இருக்கு, காதுல மாட்ட பிளக் குடுக்கறாங்க, டெஸ்ட்டுக்கு அனுப்பறாங்க, வீட்டுல புள்ளை காதுக்கு எந்த சூப்பர்வைசரும் கிடையாது.

சரி இப்ப விஷயத்துக்கு வரேன், வால்யூமை எங்க குறைக்கணும். போன் சைடுல இருக்கற பட்டன்ல மட்டும் குறைச்சா எல்லாமே சேந்து குறையும், காலடியும் போயிடும், அவன் நீங்க திரும்பினதும் ஏத்திடுவான். அதனால கேமுக்குள்ள போங்க. பிஜிஎம்ஐ செட்டிங்ஸ்ல ஆடியோன்னு இருக்கு, மாஸ்டர் (மொத்த சத்தம்) தவிர எஃபெக்ட்ஸ், மியூசிக், யூஐ (பட்டன் சத்தம்), அப்பறம் கூட விளையாடறவங்க பேசற வாய்ஸ்னு தனித்தனி கோடு இருக்கும். மியூசிக்கை சுத்தமா ஆஃப் பண்ணலாம், யாரும் அதுக்காக தோத்ததில்ல. லாபில காத்திருக்கும்போது வர்ற பாட்டும் பட்டன் டொக்கு டொக்கும்தான் பாதி நேரம் காதுல ஓடுது. ஸ்குவாட்ல கத்தற ஒருத்தன் கட்டாயம் இருப்பான், அவன் வாய்ஸை இறக்குங்க. இதெல்லாம் போனாலே காலடி தானா தெளிவா கேக்கும், மாஸ்டரை இறக்க அவனே ஒத்துக்குவான். இன்னொண்ணு, மினிமேப்ல காலடிக்கும் துப்பாக்கிக்கும் மார்க் வரும், அதை பாக்கப் பழகினவன் காதை இவ்வளவு நம்ப மாட்டான். ஃபோர்ட்நைட்ல சவுண்டை திரைல வட்டமா காட்டற ஆப்ஷனே இருக்கு, காது கேக்காதவங்களுக்கு ரொம்ப உதவும், நல்லா கேக்கற காதும் தாராளமா யூஸ் பண்ணலாம். சின்னப் புள்ளைங்க ஆடற மைன்கிராஃப்ட்ல மழை, மிருகம், மியூசிக், பிளாக் ஒவ்வொண்ணுக்கும் தனி கோடு இருக்கு, கொஞ்சம் உக்காந்து சேந்து பண்ணுங்க.

ஆண்ட்ராய்டுல ஒரு விஷயம் நெறைய பேரை குழப்புது. சைலன்ட் போட்டேன், இன்னும் கேம் கத்துதேன்னு கேப்பாங்க. சைலன்ட் ரிங்குக்குத்தான், கேம் மீடியா வால்யூம்ல ஓடுது. வால்யூம் பட்டனை அமுக்கினா வர்ற கோட்டுல இருக்கற சின்ன புள்ளிகளைத் தொட்டா மீடியா, ரிங், கால், அலாரம் எல்லாம் பிரிஞ்சு வரும், அதுல மீடியாவை இறக்கணும். ஆனா இதுலயும் ஒரு சிக்கல் இருக்கு, கேம்ல மைக் ஆன் பண்ணி ஃப்ரெண்டோட பேசினா நெறைய போன்ல அது போன் கால் மாதிரி மோடுக்கு மாறிடும், அப்ப சைடு பட்டன் கால் வால்யூமைத்தான் ஏத்தி இறக்கும், கால் வால்யூம் முழுசா ஜீரோவுக்கு வராது. ப்ளூடூத் இயர்பட்ஸ் போட்டிருந்தா குவாலிட்டி வேற கரகரன்னு ஆயிடும், உடனே சரியா கேக்கலன்னு இன்னும் ஏத்துவான். மைக்கை ஆஃப் பண்ணிட்டு கேளுன்னு சொன்னா சவுண்டு தெளிவாகறதை அவனே கண்டுபுடிப்பான். பேசித்தான் ஆகணும்னா வயர் வச்ச இயர்போன் போடச் சொல்லுங்க, அதுல இந்த கரகரப்பு வராது.

சாம்சங் போன்ல சவுண்ட்ஸ் பகுதில வால்யூமுக்குள்ள போனா மேல மூணு புள்ளில மீடியா வால்யூம் லிமிட்னு இருக்கும், ஒரு அளவு வச்சு பின் நம்பர் போட்டு பூட்டலாம், இது தெரிஞ்ச அம்மாங்க ரொம்ப கம்மி. ஐபோன்ல சவுண்ட்ஸ் அண்ட் ஹாப்டிக்ஸ்ல ஹெட்ஃபோன் சேஃப்டின்னு போனா 75லேர்ந்து 100 டெசிபலுக்குள்ள ஒரு உச்சம் குறிக்கலாம், அதுக்கு மேல வர்றதை போனே அமுக்கிடும். சின்னப் பசங்களுக்கு 75லயே விடுங்க. வால்யூம் ஏறும்போது ஒரு எச்சரிக்கை வருதே, நாம படிக்காம ஓகே அமுக்கறது, அது சும்மா வரல.

லேப்டாப்ல, விண்டோஸ்னா, கீழ ஸ்பீக்கர் படத்து மேல ரைட் க்ளிக் பண்ணி வால்யூம் மிக்ஸர் தெறந்தா ஓடற ஒவ்வொரு ஆப்புக்கும் தனி கோடு வரும். கேம் ஓடிட்டு இருக்கணும், இல்லன்னா லிஸ்ட்ல வராது. ஆன்லைன் க்ளாஸை விட்டுட்டு கேமை மட்டும் மியூட் பண்ணணும்னா இதான் வழி. க்ரோம்ல ஓடற கேம்னா அந்த டேப் மேல ரைட் க்ளிக், மியூட் சைட், அவ்வளவுதான். சில கேம்ல நைட் மோட் இல்லன்னா டைனமிக் ரேஞ்சை குறைக்கற ஒரு ஆப்ஷன் இருக்கும், ராத்திரில பக்கத்து வீட்டுக்கு தொந்தரவு வேணாம்னு வச்சது, ஆனா என் கண்ணுக்கு காதுக்காகவே வச்ச மாதிரி இருக்கு, அது பெரிய சத்தத்தை அமுக்கி சின்ன சத்தத்தை தூக்கிவிடும். காலடி நல்லா கேக்கும், வெடி கம்மியா கேக்கும், நான் மேல சொன்ன பிரச்சனைக்கு நேரடி வைத்தியம். எந்த செட்டிங்கும் பாக்க நேரமில்லன்னா இது ஒண்ணை மட்டும் தேடுங்க.

பிளேஸ்டேஷன் 5 வச்சிருக்கவங்க கம்மிதான், பாண்டி லாஸ்பேட்டை பக்கத்துலேர்ந்து ஒரு சிலர் வர்றாங்க, அவங்களுக்கு ரெண்டே வரி. டிவியை மியூட் பண்ணினாலும் கன்ட்ரோலர்ல ஒரு குட்டி ஸ்பீக்கர் இருக்கு, அது தனியா சத்தம் போடும், செட்டிங்ஸ்ல அதுக்கு தனி வால்யூம் இருக்கு. கன்ட்ரோலர்ல இருக்கற மியூட் பட்டன் லேசா ஒரு தட்டு தட்டினா ஆஃப் ஆகறது மைக்தான், கேம் சவுண்டு இல்ல. நின்டென்டோ ஸ்விட்ச்ல ஹெட்ஃபோன் உச்ச வால்யூமை குறைக்கற ஆப்ஷன் சிஸ்டம் செட்டிங்ஸ்ல இருக்கு.

பாண்டியில இருக்கற கேமிங் கஃபே பத்தி கேக்கறாங்க. அங்க பசங்க போறது தப்புன்னு நான் சொல்ல மாட்டேன், ஆனா பக்கத்து சீட்ல ஒருத்தன் கத்தினா இவன் ஏத்துவான், இவன் கத்தினா அவன் ஏத்துவான், அப்படியே ஏறிட்டே போகும். நம்ம டவுன் பஸ்லயும் இதே கதைதான், கடலூர்லேர்ந்து பாண்டிக்கு ஜன்னல் தெறந்து இன்ஜின் பக்கத்துல உக்காந்து கேம் ஆடினா இன்ஜினை ஜெயிக்கற அளவுக்கு ஏத்தினாத்தான் கேக்கும். இங்க காதை நல்லா அடைக்கற ரப்பர் நுனி இயர்போனோ, நாய்ஸ் கேன்சல் பண்றதோ உண்மையிலேயே உதவும், வெளிச்சத்தம் குறைஞ்சா இவன் ஏத்த வேண்டியதில்ல. ரோட்டுல நடக்கும்போது மட்டும் தயவு செஞ்சு வேணாம். பஸ்ல ஸ்பீக்கர்ல அலற விட்டு ஆடறவங்களைப் பத்தி நான் ஒண்ணும் சொல்லல, எல்லாரும் மனசுல சொல்லிக்கறதுதான்.

வீட்டுல அளந்து பாக்க மெஷின் வேணாம். அவன் ஹெட்செட் போட்டு ஆடும்போது ஒரு கை தூரத்துல நின்னு சாதாரணக் குரல்ல பேசுங்க, "ஆயிரம் ரூபா எடுத்துக்கோ"ன்னு சொல்லிப் பாருங்க, அப்பவும் திரும்பலன்னா சத்தம் ஜாஸ்தி. நூத்துக்கு 60 பங்கு வால்யூம் போதும்னு சொல்றது ஆரம்பத்துக்கு சரி, ஆனா ஒரு போன்ல 60 இன்னொரு போன்ல 80க்கு சமமா இருக்கும், ஹெட்செட் மாறினாலும் மாறும், அதனால நம்பரை விட இந்தப் பேச்சு டெஸ்ட்தான் எனக்குப் பிடிக்கும். இன்னொரு சின்ன விஷயம், நம்ம கடலோர புழுக்கத்துல மணிக்கணக்கா இயர்பட்ஸ் மாட்டிட்டே இருந்தா காது உள்ள வேர்த்து பூஞ்சை பிடிக்கும், அரிப்புன்னு வர்றாங்க, அரிச்சா ஹேர்பின்னை விட்டு நோண்டாம ஈஎன்டி டாக்டர்கிட்ட காட்டுங்க.

விளையாடி முடிச்சதும் காதுல கொய்ங்னு சத்தம், இல்ல பஞ்சு வச்ச மாதிரி அடைப்பு இருந்தா அன்னிக்கு காது ஜாஸ்தி வாங்கிடுச்சுன்னு அர்த்தம், பெரும்பாலும் ஒண்ணு ரெண்டு நாள்ல சரியாகும், அந்த நாள்ல மறுபடி ஹெட்செட் மாட்டக்கூடாது. அடிக்கடி வந்தா டெஸ்ட் எடுங்க. ஆனா திடீர்னு ஒரே காது சுத்தமா கேக்காம போச்சுன்னா, தூங்கி எழுந்ததும் கூட ஆகலாம், அது வேற கேஸ், காத்திருந்து பாக்கறதோ எண்ணெய் ஊத்தறதோ வேணாம், அன்னிக்கே ஈஎன்டி டாக்டர் இருக்கற ஆஸ்பத்திரிக்குப் போங்க, ஸ்டீராய்டு சிகிச்சை சீக்கிரம் ஆரம்பிச்சாத்தான் பலன், தள்ளிப் போட்டா வாய்ப்பு குறைஞ்சுட்டே வரும்.

டெஸ்ட்டுக்கு வர்றவங்களுக்கு ஒரு வேண்டுகோள். முந்தின நாள் ராத்திரி முழுக்க ஆடிட்டு காலைல அப்படியே வந்தா காது களைச்சுப் போயி ரிப்போர்ட் உண்மையை விட மோசமா காட்டும், உங்களுக்கும் பயம், எனக்கும் மறுபடி எடுக்கற வேலை. குறைஞ்சது 14 மணி நேரம் பெரிய சத்தம் இல்லாம இருந்துட்டு வாங்க, வரும்போது பஸ்லயும் இயர்போன் போடாதீங்க. எந்த ஹெட்செட் யூஸ் பண்றானோ அதையும் போனையும் கையோட எடுத்துட்டு வாங்க, செட்டிங்ஸை அங்கயே உக்காந்து மாத்தி அனுப்பறேன்.