லைப்ரரியை மாற்றியாச்சு, பழையது ஏன் இன்னும் ஓடுகிறது?

போஸ்ட்ஃபிக்ஸ் என்ற மின்னஞ்சல் சர்வர் பார்வைக்கு ஒரே மென்பொருள். உள்ளே சின்னச் சின்ன நிரல்களின் கூட்டம். வெளியிலிருந்து வரும் அஞ்சலை வாங்குவது எஸ்எம்டிபி-டி. தலைப்பு வரிகளைச் சீர்செய்து வரிசையில் சேர்ப்பது கிளீனப். வரிசையைக் கவனிப்பது கியூமேனேஜர். இவற்றையெல்லாம் தேவைப்படும்போது கிளப்பிவிடுவது மாஸ்டர். வீட்சே வெனிமா ஐபிஎம்மில் இதை எழுதி 1998-ல் வெளியிட்டபோதே இப்படித்தான் பிரித்து வைத்தார். ஒன்றில் ஓட்டை விழுந்தாலும் மற்றவை தப்பிக்க வேண்டும் என்பது கணக்கு.

ஆனால் பிரித்துவிட்டதால் இன்னொரு தேவை வருகிறது. அமைப்புக் கோப்பைப் படிப்பது, இணையப் பெயருக்கு முகவரி சொல்லும் டிஎன்எஸ்ஸில் கேட்பது, இணைப்பை ஒட்டுக்கேட்க முடியாதபடி காக்கும் டிஎல்எஸ் மறையாக்கம் போன்ற அடிப்படை வேலைகள் பல நிரல்களுக்கும் பொது. ஒவ்வொன்றுக்குள்ளும் அதே குறியீட்டை நகலெடுத்து வைக்கலாம். இல்லையென்றால் தனிக் கோப்பாக ஒரே இடத்தில் வைத்து எல்லோரும் பயன்படுத்தலாம். இரண்டாவதுதான் பகிர்வு லைப்ரரி. போஸ்ட்ஃபிக்ஸ் 2015-ல் வந்த 3.0 பதிப்பில் இதற்கு முறையான ஆதரவு தந்தது. மறையாக்கத்துக்கு அது நம்பியிருப்பது வெளியார் எழுதிய ஓப்பன்எஸ்எஸ்எல்லை.

லினக்ஸில் எஸ்எம்டிபி-டி கிளம்பும்போது முதலில் ஓடுவது அதன் சொந்தக் குறியீடு அல்ல, டைனமிக் லோடர். நிரல் கோப்புக்குள் தனக்கு வேண்டிய லைப்ரரிகளின் பெயர்ப் பட்டியல் இருக்கும். லோடர் அதைப் படித்து ஒவ்வொரு கோப்பையும் தேடி நினைவகத்தில் பொருத்தி, எந்த ஃபங்ஷன் எந்த முகவரியில் இருக்கிறது என்று இணைத்துவிடும். ஒரே நேரத்தில் நூறு எஸ்எம்டிபி-டி ஓடினாலும் லைப்ரரியின் குறியீட்டுப் பக்கங்கள் ராமில் ஒரே ஒரு பிரதிதான். மாறக்கூடிய தரவு மட்டும் அவரவருக்குத் தனி.

எல்லா லைப்ரரியும் தொடக்கத்திலேயே வந்துவிடுவதில்லை. சில, தேவை வரும்போதுதான் திறக்கப்படும். மைஎஸ்க்யூஎல் அட்டவணையில் முகவரி தேடும் செருகுநிரல் அப்படிப்பட்டது. அது தேவைப்படாத சர்வரில் அந்தக் கோப்பே இருக்க வேண்டியதில்லை. இந்தத் தாமதத்தில் ஒரு வம்பும் உண்டு. பாதுகாப்புக்காகச் சில நிரல்களை, ஒரு கோப்பகத்துக்கு வெளியே இருக்கும் கோப்புகள் கண்ணில் படாதபடி, குரூட் சிறைக்குள் பூட்டி ஓடவிடுவார்கள். பூட்டுவதற்கு முன் ஏறிய லைப்ரரிகளுக்குச் சிக்கல் இல்லை. பூட்டிய பிறகு பெயர்த் தேடலுக்கான ஒரு லைப்ரரியைத் திறக்கப் போனால் அது சிறைக்கு வெளியே கிடக்கும். கிடைக்கும் பிழைச் செய்தியோ டிஎன்எஸ்ஸைக் குற்றம் சொல்லும்! அதனால்தான் சில லினக்ஸ் விநியோகங்கள் அந்தக் கோப்புகளைச் சிறைக்குள்ளும் நகலெடுத்து வைத்தன.

சரி, அப்டேட்டுக்கு வருவோம். ஓப்பன்எஸ்எஸ்எல்லில் ஹார்ட்பிளீட் ஓட்டை 2014 ஏப்ரல் 7-ல் வெளியானது. 1.0.1 முதல் 1.0.1எஃப் வரை பாதிப்பு. ஒரு கோரிக்கைக்கு 64 கிலோபைட் வரை நினைவகம் கசியும். சாதாரண இணைப்பை டிஎல்எஸ்ஸுக்கு மாற்றும் ஸ்டார்ட்டிஎல்எஸ் பேசும் அஞ்சல் சர்வர்களும் இதில் அடக்கம். பகிர்வு லைப்ரரியின் பெரிய லாபம் இங்கேதான்: ஒரு கோப்பை மாற்றினால் அதைப் பயன்படுத்தும் எல்லா நிரலுக்கும் வைத்தியம் ஆகிவிடும்.

ஆனால் உடனே அல்ல. மென்பொருளை நிறுவிப் புதுப்பிக்கும் பேக்கேஜ் மேலாளர் புதிய கோப்பை வேறு பெயரில் எழுதி, பிறகு பழைய பெயருக்கு மாற்றும். அந்த நொடியிலிருந்து பெயர் புதிய கோப்பைக் காட்டும். பழைய கோப்போ பெயரில்லாமல் வட்டிலேயே இருக்கும், அதைத் திறந்து வைத்திருக்கும் கடைசி நிரல் முடியும்வரை. பழைய கோப்பின் மேலேயே நேரடியாக எழுதுவது இன்னும் மோசம். ஓடிக்கொண்டிருக்கும் நிரலின் காலடியில் குறியீடு மாறி அது விழுந்துவிடலாம்.

ஓடிக்கொண்டிருக்கும் நிரல்களின், அதாவது செயல்முறைகளின், விவரங்களை லினக்ஸ் காட்டும் இடம் புராக் கோப்பகம். அதில் ஒரு செயல்முறையின் நினைவக வரைபடத்தைத் திறந்தால் பழைய லைப்ரரியின் பெயருக்குப் பக்கத்தில் 'அழிக்கப்பட்டது' என்ற குறிப்பு நிற்கும். போஸ்ட்ஃபிக்ஸில் இது பாதி தானாகவே தீரும். எஸ்எம்டிபி-டி இயல்பாக 100 இணைப்புகளைக் கவனித்ததும் ஓய்வு பெற்றுவிடும். அடுத்து கிளம்புவது புதிய லைப்ரரியை ஏற்றிக்கொள்ளும். மாஸ்டரும் கியூமேனேஜரும் அப்படி ஓய்வு பெறுவதில்லை. அமைப்புக் கோப்பை மீண்டும் படிக்கச் சொல்லும் ரீலோட் கட்டளை கொடுத்தாலும் மாஸ்டர் அதே செயல்முறையாகவே தொடர்கிறது. முழுதாக நிறுத்தித் தொடங்கினால்தான் அதன் கையிலிருக்கும் பழைய கோப்புகள் விடுபடும்.