'துணை நடிகர்' என்றால் யார்?

பிரெஞ்சுப் படங்களைப் பற்றித் தமிழில் எழுதுகிறவர்கள் மார்செல் தாலியோ போன்ற தேர்ந்த நடிகர்களைத் 'துணை நடிகர்' என்று அறிமுகப்படுத்துவதை எப்போது விடுவார்களோ தெரியவில்லை. கோடம்பாக்கத்தில் அந்தச் சொல்லுக்கு வேறு பொருள் உண்டு. கல்யாணப் பந்தியில் உட்காரவும் கோர்ட் காட்சியில் பெஞ்சை நிரப்பவும் நாள் சம்பளத்துக்கு வரும் ஜூனியர் ஆர்ட்டிஸ்ட்தான் அங்கே துணை நடிகர். செய்தித்தாள்களும் பெரும்பாலும் அந்தப் பொருளில்தான் எழுதுகின்றன.

ஆங்கிலத்தில் தாலியோ போன்றவரைக் 'கேரக்டர் ஆக்டர்' என்பார்கள். அந்தக் 'கேரக்டர்' கிரேக்க மூலம் கொண்டது. முத்திரை பொறிக்கும் கருவி, அது விட்ட தடம், பிறகு மனிதரின் குணம் என்று பொருள் நகர்ந்தது. ஆங்கிலத்தில் கதைமாந்தருக்கும் அதே சொல். பிரெஞ்சில் குணம் 'கராக்தேர்', கதைமாந்தர் 'பெர்சொனாழ்'. நடிகரைப் பற்றிப் பேசும்போது அவர்கள் அதிகம் சொல்வது 'ஸகோன் ரோல்', அதாவது இரண்டாம் பாத்திரம். குழப்பம் இங்கேதான் தொடங்குகிறது.

அந்தத் தொடரில் 'இரண்டாம்' என்பது பாத்திரத்துக்கு அடை, ஆளுக்கு அல்ல. பிரெஞ்சு சினிமாவின் பெரிய விருதான செசாரில் இந்தப் பிரிவின் பெயரும் 'இரண்டாம் பாத்திரத்தில் சிறந்த நடிகர்' என்றுதான் போகிறது. 1976இல் நடந்த முதல் விழாவில் அதைப் பெற்ற நடிகர் ழான் ரோஷ்ஃபோர், 1978இல் சிறந்த நடிகருக்கான செசாரையே வாங்கினார். நம்மவர்கள் கணக்கில் அவர் இரண்டு ஆண்டுகளில் துணை நடிகராக இருந்து நடிகராகப் பதவி உயர்வு பெற்றாரா?

தாலியோவைப் பாருங்கள். இயக்குநர் ழான் ரெனுவாரின் 'லா ரேகல் து ஜூ' (1939) படத்தில் மாளிகைக்கு உரிய பிரபு அவர்தான். கதையே அவர் வீட்டு விருந்தில்தான் நடக்கிறது. யூதரான அவர் 1940இல் நாட்டை விட்டுத் தப்பினார். நாஜிகள் அவர் முகத்தையே 'யூத முகம்' என்று சுவரொட்டியில் ஒட்டினார்கள். ஹாலிவுட் படமான 'கசாபிளாங்கா'வில் (1942) ரூலெட் சூதாட்ட மேசையை நடத்தும் எமில் அவர். டைட்டிலில் பெயர்கூட இல்லை. போருக்குப் பின் பிரான்ஸ் திரும்பி, 1973இல் நகைச்சுவை நடிகர் லூயி த ஃபுனேஸ் நடித்த படத்தில் ரபி ஜகோப் என்ற யூத மதகுருவாக வந்தார். பாத்திரத்தின் அளவைச் சுருக்கியது நாடுகடந்த வாழ்க்கை. சில நிமிடங்களில் ஓர் ஆளை முழுசாகக் காட்டிவிடும் அவருடைய தொழில் அப்படியேதான் இருந்தது. அந்தத் தொழிலைச் சொல்ல நம்மிடம் 'குணச்சித்திர நடிகர்' என்ற சொல் எப்போதோ வந்துவிட்டது.

குணமும் சித்திரமும் வடசொல் என்பார்கள். இருக்கட்டும். மாற்றாகச் சொல்லப்படும் 'பண்பு நடிகர்' காதில் விழுந்ததும் படப்பிடிப்பில் சண்டை போடாத, நல்ல மனிதர்தான் நினைவுக்கு வருகிறார். காட்டிக்கொடுப்பவனாக நடிப்பவரைப் பண்பு நடிகர் என்றால் யாருக்கு விளங்கும்? தனித்தமிழ் வேண்டும்தான், பொருளைத் தொலைத்துவிட்டு அல்ல.

'ரோல் த கொம்போசிசியோன்' என்ற பிரெஞ்சுத் தொடர் இன்னொரு கண்ணி. வயது, நடை, குரல் எல்லாவற்றையும் மாற்றிக்கொண்டு நடிக்கும் பாத்திரம் அது. அகராதியைப் புரட்டி 'தொகுப்புப் பாத்திரம்' என்று போட்டால் பிழை. கூத்துக்காரர்களின் 'வேடம் கட்டுதல்' அதற்கு மிக அருகில் நிற்கிறது. 'ஸகோன் கூத்தோ' என்ற இன்னொரு பிரெஞ்சுத் தொடரை 'இரண்டாம் கத்தி' என்று சொல்லுக்குச் சொல் பெயர்த்தால் சப்டைட்டில் படிப்பவர் கத்தியைத் தேடுவார். அது கையாள், அடுத்தகட்ட ஆள் என்ற பொருளில் வரும் பேச்சுவழக்கு.

விருதைச் சொல்லும்போது 'துணைப் பாத்திரத்தில் சிறந்த நடிகர்' என்று எழுதுங்கள். கொஞ்சம் நீளம்தான். ஆளைச் சொல்லும்போது குணச்சித்திர நடிகர். நம் சினிமா எழுத்தில் அழுகிற அப்பா வேடம் போட்டவருக்கெல்லாம் இந்தப் பட்டத்தைக் கொடுத்துச் சொல்லைத் தேய்த்துவைத்திருப்பது தனிக்கதை.